தொலைந்தவனும் தேடுகிறவளும்

ஊரை விட்டுப் பட்டணத்துக்குப் போன அண்ணனிடமிருந்து கடிதம் வருவது நின்றுவிடுகிறது. முதலில் வாரம் ஒன்று வந்தது. பிறகு மாதம் ஒன்று. பிறகு அதுவும் இல்லை. தங்கை ரயிலேறி வருகிறாள். கடிதத்தின் தலைப்பில் இருந்த விலாசத்தில் வேறு யாரோ குடியிருக்கிறார்கள். விசாரித்தால் ஒருவன் முழிக்கிறான். இன்னொருவன் கதவைச் சாத்துகிறான். அண்ணன் எங்கே போனான் என்று கேட்கப் போனவள், ஊரில் கேள்விப்பட்டேயிராத ஓர் உலகத்தின் வாசலில் வந்து நிற்கிறாள்.

இந்த ஒரு முடிச்சை வைத்துக்கொண்டு உலகத்துக் கதாசிரியர்கள் எத்தனையோ கதைகள் எழுதிவிட்டார்கள். எழுத வாகான முடிச்சுதான். தேடுகிறவருக்குப் பட்டணம் புதிது. வாசகனுக்கும் அந்தப் பாதாள உலகம் புதிது. ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டு மற்றவரும் போய்விடலாம். சூதாட்ட விடுதியையும் சாராயக் கடையையும் எட்டிப் பார்க்கிற சபலமும் தீரும். உடன்பிறப்புக்காகத்தானே போகிறோம் என்ற நியாயமும் கையில் இருக்கும். ஆபாசத்தைப் பார்த்த ஆசை ஒரு பக்கம், அழுத புண்ணியம் மறுபக்கம். பத்திரிகைக்காரர்களுக்கும் படமுதலாளிகளுக்கும் இதைவிட என்ன வேண்டும்?

ஆனால் இந்த வகைக் கதைகளில் பெரும்பாலானவற்றின் அடியில் ஒரு பொய் இருக்கிறது. பட்டணம்தான் பிள்ளையை விழுங்கிவிட்டது, வீடு சுத்தமானது என்ற பொய். அந்தப் பொய்யை உடைத்துக் காட்டிய நாவல் ஒன்றை வைத்துக்கொண்டு இதைப் பேசலாம் என்று நினைக்கிறேன். அமெரிக்க ஆசிரியர் ரேமண்ட் சாண்ட்லர் 1949-ல் வெளியிட்ட 'தி லிட்டில் சிஸ்டர்' என்ற நாவல் அது.

துப்பறியும் நாவல் என்றதும் சிலர் முகத்தைச் சுளிப்பார்கள். நமக்கு அந்தச் சரக்கு புதிதல்ல. ஆரணி குப்புசாமி முதலியாரும், வடுவூர் துரைசாமி ஐயங்காரும், ஜே. ஆர். ரங்கராஜுவும் ஒரு தலைமுறையையே ராத்திரித் தூக்கத்தைக் கெடுத்துப் படிக்க வைத்தவர்கள். தமிழில் நாவல் படிக்கிற பழக்கத்தை வளர்த்ததில் அவர்களுக்குப் பெரிய பங்கு உண்டு. ஆனால் அவர்கள் கதைகளில் குற்றம் என்பது ஒரு வியாதி மாதிரி. வந்தது, துப்பறிகிறவர் பிடுங்கி எறிந்தார், குடும்பம் பழையபடி சௌக்கியமாகிவிட்டது. சாண்ட்லரிடம் குடும்பம் சௌக்கியமாவதே இல்லை. அங்கேதான் அவர் வேறு ஜாதி எழுத்தாளராகிறார்.

சாண்ட்லர் 1888-ல் சிக்காகோவில் பிறந்து, இங்கிலாந்தில் படித்து வளர்ந்தவர். கலிபோர்னியாவில் எண்ணெய்க் கம்பெனியில் பெரிய உத்தியோகம் பார்த்து, 1932-ல் அதை இழந்து, நாற்பத்தைந்து வயதுக்குப் பக்கத்தில் மலிவுப் பத்திரிகைகளுக்குக் கதை எழுத உட்கார்ந்தார். முதல் நாவல் 1939-ல் வந்தது. 1943-லிருந்து சில வருஷங்கள் ஹாலிவுட்டில் திரைக்கதை எழுதிச் சம்பாதித்தார்; அந்த உலகத்தின் மீது நிறையக் கசப்பையும் சம்பாதித்துக்கொண்டார். அந்தக் கசப்பெல்லாம் இந்த நாவலில் இறங்கியிருக்கிறது.

கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். கான்ஸாஸ் மாகாணத்தில் மன்ஹாட்டன் என்ற சின்ன ஊர். நியூயார்க்கின் மன்ஹாட்டனுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. அங்கிருந்து ஆர்ஃபமே க்வெஸ்ட் என்ற பெண் லாஸ் ஏஞ்சல்ஸ் வருகிறாள். மூக்குக் கண்ணாடி, முகத்தில் பூச்சு இல்லை, புகை, மது என்றால் முகம் சுளிக்கிற வளர்ப்பு. ஒரு டாக்டரிடம் வேலை பார்க்கிறவள். தகப்பனார் இறந்துவிட்டார், தாயார் ஊரில் இருக்கிறாள். அண்ணன் ஆரின் கலிபோர்னியாவுக்கு வந்து, பே ஸிட்டியில் விமானத் தொழிற்சாலை ஒன்றில் வேலைக்குச் சேர்ந்தவன். அவனிடமிருந்து கடிதம் வருவது நின்றுவிட்டது. கண்டுபிடித்துக் கொடுங்கள் என்று பிலிப் மார்லோ என்ற துப்பறிகிறவனிடம் இருபது டாலரை வைக்கிறாள். இருபது டாலருக்கு மேல் தர அவளுக்கு மனம் இல்லை. கிராமத்துச் சிக்கனம் என்று நாம் சிரித்துக்கொள்கிறோம்.

மார்லோ அண்ணன் தங்கியிருந்த விடுதிக்குப் போகிறான். சிறிது நேரத்துக்கெல்லாம் விடுதிக்காரன் பிடரியில் ஐஸ் உடைக்கிற ஊசி பாய்ந்து செத்துக் கிடக்கிறான். அங்கே சந்தித்த இன்னொருவனும் பிறகு ஒரு ஹோட்டல் அறையில் அதே மாதிரிச் சாகிறான். அவனிடமிருந்து ஒரு ரசீது கிடைக்கிறது. ரசீதிலிருந்து ஒரு புகைப்படம் கிடைக்கிறது. படத்தில் ஒரு சாப்பாட்டு விடுதி. மேஜையில் வளர்ந்துவரும் நடிகை மேவிஸ் வெல்டும், ஸ்டீல்கிரேவ் என்ற பணக்காரனும் உட்கார்ந்திருக்கிறார்கள். ஸ்டீல்கிரேவ் பழைய கொலைக் கூட்டத்து ஆள். படத்திலுள்ள செய்தித்தாளைப் பெரிதாக்கிப் பார்த்தால் தேதி தெரிகிறது. அவனுடைய போட்டிக்காரன் ஒருவன் கொலையுண்ட தினம் அது. அன்று தான் காவலில் இருந்ததாக அவன் சொல்லிக்கொண்டிருந்தான். ஒரு படம், நடிகையின் பெயரும் போகும், ரௌடியின் உயிரும் போகும். படம் எடுத்தவன் ஆரின்.

இதுவரை எல்லாத் துப்பறியும் கதையும் போலத்தான். இதற்குப் பிறகுதான் விஷயம் இருக்கிறது. அந்த நடிகை மேவிஸ் வெல்ட் யார்? ஆரினுக்கும் ஆர்ஃபமேக்கும் சகோதரி. வீட்டை விட்டு முன்பே வெளியேறிப் பெயரை மாற்றிக்கொண்டவள். சொந்தச் சகோதரியைத்தான் ஆரின் படத்தைக் காட்டி மிரட்டிப் பணம் பறித்துக்கொண்டிருக்கிறான். கான்ஸாஸிலிருந்து பதறிக்கொண்டு ஓடிவந்த தங்கைக்கு அது தெரியும். வரவேண்டிய பங்கை அண்ணன் சரியாக அனுப்பவில்லை என்ற சந்தேகம்தான் அவளை ரயிலேற்றியது. கடைசியில் அண்ணன் ஒளிந்திருக்கும் இடத்தை ஸ்டீல்கிரேவுக்குச் சொல்லிக் கொடுத்து, அவள் வாங்கிக்கொள்வது ஆயிரம் டாலர். அண்ணன் சாகிறான். தங்கை ஊருக்குத் திரும்பிப் போகிறாள்.

இந்த இருபது டாலரையும் ஆயிரம் டாலரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். தேடுவதற்கு இருபது, காட்டிக் கொடுப்பதற்கு ஆயிரம். மார்லோ அந்த இருபதை அவளிடம் திருப்பித் தருவதும், அது மறுபடி அவனிடம் வருவதுமாக நாவல் முழுதும் நடக்கிறது. முதலில் வேடிக்கையாக இருக்கிறது. கடைசி அத்தியாயங்களுக்கு வந்தபின் நினைத்தால் வயிற்றைப் பிசைகிறது. சாண்ட்லர் இதற்கு விளக்கவுரை எழுதவில்லை. நோட்டைக் கைமாற்றிக் கைமாற்றிக் காட்டுகிறார், அவ்வளவுதான். கதாசிரியன் செய்யவேண்டிய வேலை அது.

இன்னொன்றையும் கவனிக்கவேண்டும். பட்டணத்தால் கெட்டுப்போனவள் என்று ஊர் சொல்லக்கூடிய மேவிஸ், நெருக்கடி வரும்போது பழியைத் தன் தலையில் சுமந்துகொள்ளத் தயாராகிறாள். தொழிலும் பெயரும் போகும் என்று தெரிந்தேதான் தயாராகிறாள். உடன்பிறப்பு என்ற சொல்லுக்கு நாவலில் அர்த்தம் கொடுப்பவள் அவள் ஒருத்திதான். வேதப் புத்தகமும் ஒழுக்கமுமாக வளர்ந்த தங்கையோ விலை பேசுகிறாள். பாதாள உலகத்தின் ஒரு முனை பே ஸிட்டியில் இருக்கிறது; மறு முனை கான்ஸாஸில் தாயாரின் சாப்பாட்டு மேஜையில் கட்டியிருக்கிறது. இதைச் சொல்ல ஒருவருக்குத் தைரியம் வேண்டும். கிராமத்தைப் புகழ்ந்து பட்டணத்தைத் திட்டினால் கைதட்டல் நிச்சயம். இதற்குக் கைதட்டல் வராது.

லாஸ் ஏஞ்சல்ஸைத் தேர்ந்துகொண்டதும் தற்செயலல்ல. அந்த நகரத்தில் பாதாள உலகத்துக்குத் தனி வாசல் கிடையாது. 1938-ல் அங்கே ஊழல் புகார்களின் பேரில் மேயரையே ஜனங்கள் வாக்களித்துத் திரும்ப அழைத்துவிட்டார்கள். சாண்ட்லரின் பே ஸிட்டி என்பது பக்கத்துக் கடற்கரை நகரமான ஸாண்டா மோனிகாவின் மாறுவேஷம். அதன் கரைக்கு எதிரே, சட்டத்தின் கை எட்டாத தூரம் என்று கணக்குப் பண்ணி, சூதாட்டக் கப்பல்களை நிறுத்தி வைத்திருந்தார்கள். குடும்பஸ்தர்களும் உத்தியோகஸ்தர்களும் படகில் ஏறிப் போய் ஆடிவிட்டு வருவார்கள். 1939-ல் மாகாண அட்டர்னி ஜெனரலாக இருந்த ஏர்ல் வாரன்தான் அவற்றை மூடினார். பின்னாளில் அமெரிக்காவின் தலைமை நீதிபதியானாரே, அவரேதான். இந்த நாவல் வருவதற்கு இரண்டு வருஷம் முன்பு, 1947-ல், பக்ஸி ஸீகல் என்ற கும்பல் தலைவனை பெவர்லி ஹில்ஸின் பெரிய வீடு ஒன்றில், சோபாவில் உட்கார்ந்திருக்கும்போது ஜன்னல் வழியாகச் சுட்டுக் கொன்றார்கள். சினிமா நட்சத்திரங்களின் விருந்துகளுக்குப் போய்வந்துகொண்டிருந்தவன் அவன். அப்படிப்பட்ட ஊரில் நடிகையும் கொலைகாரனும் ஒரே மேஜையில் உட்கார்ந்து சாப்பிடுவதைப் படமெடுக்க, கேமராவை ஒளித்துவைக்கக்கூடத் தேவையில்லை.

நாவலில் மார்லோ சாயங்கால வேளையில் காரை ஓட்டிக்கொண்டு சும்மா சுற்றுகிற அத்தியாயம் ஒன்று இருக்கிறது. கதை ஓரடியும் நகர்வதில்லை. விளக்குகள், சாப்பாட்டுக் கடைகள், கார்களின் வரிசை, நடுநடுவே தன்னைத்தானே கடிந்துகொள்ளுதல். அவசரக்காரர்கள் பக்கத்தைத் தள்ளிவிடுவார்கள். எனக்கு நாவலிலேயே பிடித்த இடம் அது. தேடுகிறவனுக்கு வருகிற அலுப்பை, தேடலின் நடுவில் வந்து உட்கார்ந்துவிடுகிற 'எதற்காக?' என்ற கேள்வியை இவ்வளவு நிதானமாக எழுதினவர்கள் குறைவு.

குறைகளும் இருக்கின்றன. யார் யாரைக் கொன்றார்கள் என்று விரல் விட்டு எண்ணினால் விரல்கள் ஒன்றோடொன்று பின்னிக்கொள்ளும். டோலரஸ் கான்ஸலஸ் என்ற பெண் வெறும் மோகினிப் பொம்மை. கறுப்பு உடையும் கொஞ்சல் பேச்சுமாக வந்து, கடைசியில் எல்லாப் பாவங்களையும் ஏற்றிவைக்க ஒரு சுமைதாங்கியாக நிற்கிறாள். பெண்களைப் பற்றிய சந்தேகம் சாண்ட்லருக்கு ஒரு வியாதி.

இவற்றையெல்லாம் மன்னித்துவிடலாம். மன்னிக்க முடியாத குறை ஒன்றுதான். தேடப்படுகிற ஆரினை நமக்குத் தெரியவே தெரியாது. கதைக்குள் அவன் உயிரோடு வருவது ஒரே ஒரு தரம். குண்டடி பட்டு, கையில் ஊசியோடு தடுமாறி வந்து, மார்லோவின் முன்னால் விழுந்து சாகிறான். கான்ஸாஸ் பையன் எப்படி இங்கே வந்து சேர்ந்தான்? முதல் தரம் சகோதரியை மிரட்டியபோது அவன் கை நடுங்கியதா? தொழிற்சாலை வேலை போன அன்று ராத்திரி எங்கே சாப்பிட்டான்? ஒன்றும் தெரியாது. பக்கம் பக்கமாக ஒருவனைத் தேடிவிட்டு, கிடைத்தவுடன் அவன் வாயை அடைத்துவிடுகிறார் ஆசிரியர்.

இது சாண்ட்லரின் தனிக் குறை அல்ல. இந்த வகைக் கதைகளுக்கே உள்ள நோய் இது. 1943-ல் வந்த 'தி ஸெவன்த் விக்டிம்' என்ற அமெரிக்கப் படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பள்ளிக்கூட விடுதியில் படிக்கும் தங்கை, சம்பளம் கட்டாமல் மாயமாகிவிட்ட அக்காளைத் தேடி நியூயார்க் வருகிறாள். அக்காள் ஓர் இரகசியக் கூட்டத்தில் சிக்கியிருக்கிறாள். வெகு அழகான படம். முடிவில் அக்காள் தூக்கு மாட்டிக்கொள்கிறாள். 1971-ல் தேவ் ஆனந்த் எடுத்த 'ஹரே ராமா ஹரே கிருஷ்ணா'வில், சிறு வயதில் பிரிந்த தங்கையைத் தேடி அண்ணன் காட்மாண்டுவுக்குப் போகிறான். கஞ்சாவும் சிலைத் திருட்டும் நடக்கிற கூட்டத்தின் நடுவே வேறு பெயரோடு வாழ்கிறாள் தங்கை. கண்டுபிடித்தாயிற்று. வீடு அவளைத் திரும்ப அழைத்துக்கொள்ள வேண்டிய நேரத்தில் அவள் தற்கொலை செய்துகொள்கிறாள். ஆரின் குண்டில் செத்தான். இவர்கள் தங்கள் கையாலேயே செத்தார்கள். மூன்று கதாசிரியர்களுக்கும் தேடத் தெரிந்திருக்கிறது. கிடைத்தவரை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று தெரியவில்லை. மரணம் அவர்களுடைய சங்கடத்தைத் தீர்த்துவைக்கிறது.

நம் நாட்டில் இந்தக் கதைக்குப் பாதாள உலகமே வேண்டியிருக்கவில்லை. நல்லதங்காளை நினைத்துக்கொள்ளுங்கள். பஞ்சத்துக்குப் பிழைக்க ஏழு குழந்தைகளோடு அண்ணன் வீடு தேடி வந்தவளை அண்ணி விரட்டுகிறாள். வெளியே போயிருந்த நல்லதம்பி திரும்பி வந்து, தங்கையைத் தேடிக்கொண்டு போய்க் காண்பது பாழுங்கிணற்றை. அவளைக் கொன்றது பட்டணமல்ல. அண்ணன் வீட்டு அடுக்களை. இதைத் தெருக்கூத்தாகவும் பெரிய எழுத்துப் புத்தகமாகவும் தலைமுறை தலைமுறையாக அழுதுகொண்டே கேட்டவர்கள் நாம். வீடு சுத்தமானது என்ற பொய்யை நம்ப நமக்கு உரிமையே கிடையாது.

'பராசக்தி' படம் 1952 தீபாவளிக்கு வந்தபோது, அந்தப் பழைய கதையின் சாயல் அதில் இருந்தது. ரங்கூனிலிருந்து வந்த குணசேகரன் சென்னையில் இறங்கியதும் கைப்பொருளைப் பறிகொடுக்கிறான். தங்கை கல்யாணியை மதுரையில் கண்டுகொள்கிறான். அவள் கைம்பெண், கைக்குழந்தையோடு இட்லிக்கடை வைத்திருக்கிறாள். ஆனால் 'நான்தான் உன் அண்ணன்' என்று சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. கையில் காசில்லாமல் எப்படி முன்னால் நிற்பது? பைத்தியக்காரன் வேஷத்தில் அவளைச் சுற்றிச் சுற்றி வருகிறான். வசனத்துக்கும் கோவில் காட்சிக்கும் கோர்ட்டுக் காட்சிக்கும் ஜனங்கள் கைதட்டினார்கள், நியாயம்தான். என் மனசில் நின்றது அந்த மௌனம். தேடிக் கண்டுபிடித்த பிறகும் அண்ணன் தன் கௌரவத்தைத்தான் முதலில் பார்த்துக்கொள்கிறான். அவன் பார்த்துக்கொண்டிருக்கும்போதே தங்கைக்கு ஆபத்துக்கள் வருகின்றன. அவற்றில் சில கௌரவமான ஆட்களிடமிருந்தே வருகின்றன: பெரிய மனிதர், பூசாரி. அவள் குழந்தையை ஆற்றில் எறிகிற வரையில் கதை போய்விடுகிறது. என்றாலும் கல்யாணி சாகவில்லை. கோர்ட்டில் நின்று வாய் திறந்து பேசுகிறாள். நீதிபதியாக உட்கார்ந்திருப்பவனும் அவளுடைய அண்ணன்தான். கடைசியில் குடும்பம் அவ்வளவு சுலபமாகச் சேர்ந்துவிடுவதில் எனக்குத் திருப்தி இல்லை. ஆனால் தொலைந்தவளுக்கு வாய் உண்டு என்று ஒப்புக்கொண்ட அளவில் அந்தப் படம் சாண்ட்லரைவிட ஒரு படி மேலே நிற்கிறது.

இன்னும் ஒரு படி போனது 1994-ல் வந்த 'மகாநதி'. அதில் தேடுவது உடன்பிறப்பு அல்ல, தகப்பன். கல்கத்தாவின் சோனாகாச்சியில் மகளைக் கண்டுபிடிக்கிறான். அவளை மீட்பதற்கு அங்கே உள்ள பெண்களே துணை நிற்கிறார்கள். வேறு கதையாக இருந்தால் அங்கேயே மணி அடித்திருப்பார்கள். இங்கே அவள் வீட்டுக்கு வருகிறாள். ராத்திரி தூக்கத்தில், யாரோ வாடிக்கைக்காரனோடு பேரம் பேசுகிறாள். தகப்பன் கேட்டுக்கொண்டிருக்கிறான். மீட்கப்பட்டவள் உடம்போடு மட்டும் வருவதில்லை, அந்த இடத்தையும் சுமந்துகொண்டு வருகிறாள் என்று அந்த ஒரு காட்சி சொல்லிவிடுகிறது. அதற்குப் பிறகும் அவள் சாகவில்லை. வளர்கிறாள், கல்யாணம் செய்துகொள்கிறாள், வாழ்கிறாள்.

ஆக, இந்த வகைக் கதையை எடை போட இரண்டு கேள்விகள் போதும் என்பது என் அபிப்பிராயம். தேடுகிறவர் எதற்காகத் தேடுகிறார் என்பது ஒன்று. தொலைந்தவர் கிடைத்த மறுநாள் காலையில் என்ன நடந்தது என்பது இரண்டாவது. முதல் கேள்வியைச் சாண்ட்லரைப் போலக் கேட்டவர் இல்லை. பாசம் என்று நாம் கண்ணை மூடிக்கொண்டு முத்திரை குத்துகிற இடத்தில் கணக்கு, பங்கு, மானம், ஊர்ப்பேச்சு எல்லாம் கலந்திருக்கலாம் என்று அவர் காட்டினார். அதனால்தான், இரண்டாவது கேள்விக்கு அவரிடம் பதில் இல்லாதபோதும், இந்த நாவலைத் துப்பறியும் கதை என்று ஒதுக்கிவிடாமல் படிக்கச் சொல்கிறேன்.

நம் இளம் எழுத்தாளர்கள் பட்டணத்தில் தொலைந்தவர்களைப் பற்றி நிறைய எழுதுகிறார்கள். எழுதட்டும். சாராயக் கடையையும் விடுதி அறையையும் வர்ணிப்பதற்கு முன்னால், அந்தப் பையன் ஊரில் கடைசியாகச் சாப்பிட்ட சாப்பாட்டை ஒரு பக்கம் எழுதிப் பார்க்கட்டும். யார் பரிமாறினார்கள், யார் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள், மாசாமாசம் எவ்வளவு அனுப்பவேண்டும் என்று யார் சொன்னார்கள் என்று எழுதட்டும். பாதித் துப்பு அங்கேயே கிடைத்துவிடும். மீதிப் பாதியைத் தொலைந்தவன்தான் சொல்லவேண்டும். அவன் சொல்லி முடிக்கிறவரையில் கதாசிரியர் அவனைக் கொல்லாமல் இருக்கவேண்டும்.